வெடித்தது இங்கே... கேட்டது எங்கேயோ!

ஒரு மலையைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். விட்டலாச்சார்யா படத்தில் வருமே, அந்த மாதிரி. உச்சியில் பனி, அடிவாரத்தில் ஏரி, சுற்றிலும் காடு. இந்த மலைக்கு ஒரு சாபம். மலையே பிளந்தாலும் அடிவாரத்தில் நிற்பவன் காதில் சத்தம் விழாது. ஆனால் ஏழெட்டு ஊர் தள்ளி, திண்ணையில் வெற்றிலை இடித்துக்கொண்டிருக்கும் பாட்டிக்கு அட்சர சுத்தமாகக் கேட்கும். "யாருடா அது, காலங்காத்தால வேட்டு போடறது?" என்பாள் பாட்டி. அடிவாரத்துக்காரன் செத்துப் போயிருப்பான்.

'நல்லா விடறாருய்யா ரீல்!' என்று பக்கத்தைப் புரட்டப் போகிறீர்கள். கொஞ்சம் பொறுங்கள் ஸார். சாபம் மட்டும்தான் என் சரக்கு. மலை நிஜம். பெயர் செயின்ட் ஹெலன்ஸ். இருப்பது அமெரிக்காவின் வடமேற்கு மூலையில், வாஷிங்டன் மாநிலத்தில். (வெள்ளை மாளிகை இருக்கும் வாஷிங்டன் வேறு. அது கிழக்குக் கோடி.)

1980 மார்ச்சில் அந்த மலை முழித்துக்கொண்டது. எரிமலை. சும்மா பெருமூச்சு விடுகிற மாதிரி முதலில் புகை, சாம்பல், சின்னச் சின்ன நில நடுக்கம். பிறகு வடக்குப் பக்கம் வீங்க ஆரம்பித்தது. ஒரு நாளைக்கு ஒன்றரை மீட்டருக்கு மேல் வீக்கம்! பல்வலி வந்தவன் கன்னம்கூட இந்த வேகத்தில் வீங்காது. விஞ்ஞானிகள் ஓடி வந்தார்கள். போலீஸ் எல்லை போட்டு, ஊர்க்காரர்களைக் கிளப்பியது.

எல்லோரும் கிளம்பினார்கள், ஒரு பெரியவரைத் தவிர. ஹாரி ட்ரூமன். ஜனாதிபதி ட்ரூமன் இல்லை. இவர் அடிவாரத்து ஏரிக்கரையில் விடுதி நடத்திய 83 வயது கிழவர். வீட்டில் பதினாறு பூனைகள். ஐம்பது வருஷத்துக்கு மேலாக இருக்கிற இடம், மலை என்னை ஒன்றும் செய்யாது என்று உட்கார்ந்துவிட்டார். பத்திரிகைக்காரர்கள் வரிசையில் நின்று பேட்டி எடுத்தார்கள். நம் ஊரிலும் இந்தத் தாத்தாக்கள் உண்டு. புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றினால், "நாங்க பார்க்காத புயலா?" என்று கயிற்றுக் கட்டிலை வாசலில் போட்டுப் படுப்பார்கள்.

மே 18, ஞாயிற்றுக்கிழமை. காலை மணி 8.32. ரிக்டரில் 5.1 அளவுக்கு ஒரு நடுக்கம். மலையின் வடக்குப் பக்கம் முழுசாகப் பெயர்ந்து சரிந்தது. பதிவான சரித்திரத்தில் அவ்வளவு பெரிய நிலச்சரிவு அதற்கு முன்னால் கிடையாது. மூடி திறந்ததும் உள்ளே அடைபட்டிருந்தது பக்கவாட்டில் பீறிட்டது. சோடா பாட்டிலைக் குலுக்கி வாயைத் திறந்தால் என்ன ஆகும்? அதே கதை, மலை சைஸில். சுமார் 600 சதுர கிலோமீட்டர் காடு துவம்சம். மலையின் உயரத்தில் 400 மீட்டர் காணாமல் போனது. 57 பேர் செத்தார்கள். இவர்களில் பெரும்பாலோர் தடை எல்லைக்கு வெளியேதான் இருந்தார்கள் என்பதைக் கவனியுங்கள். ஞாயிற்றுக்கிழமை என்பதால் காட்டில் மரம் வெட்டும் நூற்றுக்கணக்கான தொழிலாளர்களுக்கு லீவு. வார நாளாக இருந்தால்? நினைக்கவே பயமாக இருக்கிறது. ஞாயிறு லீவு உயிரையும் காப்பாற்றும் என்பதை மேலதிகாரிகள் குறித்துக்கொள்ளவும்.

மலைக்கு வடக்கே பத்து கிலோமீட்டர் தூரத்தில் டேவிட் ஜான்ஸ்டன் என்ற விஞ்ஞானி காவல் இருந்தார். வயது 30. நம்மில் பலருடைய வயது. "வான்கூவர்! வான்கூவர்! இதோ, வந்துவிட்டது!" என்று ரேடியோவில் கத்தினார். அவ்வளவுதான். அவர் உடல் கடைசி வரை கிடைக்கவில்லை. பூனைத் தாத்தாவும் அப்படியே போனார்.

இனிமேல்தான் விஷயம்.

இவ்வளவு பெரிய வெடிப்பு. சத்தம் எப்படி இருந்திருக்க வேண்டும்? பக்கத்து ஊர்களில் காது கிழிந்திருக்க வேண்டாமா? ஊஹூம். தெற்கே சுமார் 80 கிலோமீட்டர் தள்ளி போர்ட்லண்ட் என்று பெரிய நகரம். ஞாயிற்றுக்கிழமை காப்பியைக் குடித்துக்கொண்டிருந்த ஜனங்களுக்கு ஒரு சின்ன 'டப்' கூடக் கேட்கவில்லை. மலைக்கு இன்னும் கிட்டத்தில் இருந்து தப்பித்தவர்களிலும் பலர், "வர்றதைப் பார்த்தோம், பெரிய சத்தம் எதுவும் இல்லை" என்றார்கள். ஆனால் 300 கிலோமீட்டருக்கு அப்பால், எல்லை தாண்டி கனடாவில், பீரங்கி வெடிக்கிற மாதிரி கேட்டது. மான்டானாவில் கேட்டது. கலிபோர்னியாவின் வடக்கில் கேட்டது.

இதில் ஒரு வேடிக்கை. வான்கூவர் என்று இரண்டு ஊர் உண்டு. ஜான்ஸ்டன் ரேடியோவில் கூப்பிட்டது மலையின் பக்கத்து வான்கூவரை. அது மௌன வட்டத்துக்குள் இருக்கிற ஊர். சத்தம் போய்ச் சேர்ந்தது கனடாவில் இருக்கும் வான்கூவர் பக்கம். தபாலில்தான் இப்படி விலாசம் மாறும் என்று நினைத்திருந்தேன்.

யார் யாருக்குக் கேட்டது, யாருக்குக் கேட்கவில்லை என்று பிற்பாடு பொதுமக்களிடம் விசாரித்து, வரைபடத்தில் புள்ளி வைத்துப் பார்த்தார்கள். மலையைச் சுற்றி பல பத்து கிலோமீட்டருக்கு ஒரு வெற்று வட்டம் விழுந்தது. விஞ்ஞானிகள் அதற்கு வைத்த பெயர் 'மௌன மண்டலம்'.

சத்தம் எங்கே போச்சு?

நான் பி.காம். ஒலிக்கும் எனக்கும் உள்ள சம்பந்தம், பக்கத்து வீட்டு டி.வி.யோடு முடிகிறது. ஆகவே நண்பன் ஒருவனைப் பிடித்தேன். எம்.எஸ்ஸி. பிஸிக்ஸ். படித்த படிப்புக்குப் பொருத்தமாக ஒரு வங்கியில் நோட்டு எண்ணிக்கொண்டிருக்கிறான்.

"ஒரு டீ, ஒரு வடை" என்று ஃபீஸைச் சொல்லிவிட்டு ஆரம்பித்தான். "ரெட்டை மாட்டு வண்டி பார்த்திருக்கியா?"

"பார்த்திருக்கேன்."

"ஒரு மாடு வேகம், ஒரு மாடு சோம்பேறி. வண்டி எந்தப் பக்கம் திரும்பும்?"

"சோம்பேறி மாட்டுப் பக்கம்."

"அவ்வளவுதான்டா அக்கூஸ்டிக்ஸ்!"

அவன் சொன்னதன் சாரம் இது. சத்தம் சூடான காற்றில் வேகமாக ஓடும். குளிர்ந்த காற்றில் மெதுவாக ஓடும். 20 டிகிரி சூட்டில் விநாடிக்கு சுமார் 343 மீட்டர். பூஜ்ய டிகிரியில் 331 மீட்டர். சூடான காற்று வேகமான மாடு, குளிர்ந்த காற்று சோம்பேறி மாடு. பகலில் தரையை ஒட்டிய காற்று சூடு. மேலே போகப் போக, கிலோமீட்டருக்கு ஆறு, ஆறரை டிகிரி வீதம் குளிர். கீழ் மாடு வேகம், மேல் மாடு சோம்பல். வண்டி எங்கே திரும்பும்? மேலே! சத்தம் நம் தலைக்கு மேல் வில் மாதிரி வளைந்து வானத்தைப் பார்க்கப் போய்விடும். கீழே நிற்கிறவனுக்கு மௌனம்.

"அப்போ கனடாக்காரனுக்கு எப்படிக் கேட்டுது?" என்றேன்.

"மேலே போனது அப்படியே போயிடாது. பத்துப் பதினஞ்சு கிலோமீட்டருக்கு மேல ஓசோன் இருக்கில்ல? அது வெயிலைக் குடிச்சு அங்கே காத்தைத் திரும்பவும் சூடாக்குது. அம்பது கிலோமீட்டர் உயரத்துல கிட்டத்தட்ட பூஜ்ய டிகிரிக்கு வந்துடும். இப்போ மேல் மாடு வேகம், கீழ் மாடு சோம்பல்..."

"வண்டி கீழே திரும்பும்!"

"பரவாயில்லையே. பி.காமுக்கே புரியுது."

கூடவே உயரத்தில் அடிக்கிற காற்றும் கை கொடுத்தால், மேலே போன சத்தம் வளைந்து இறங்கி, இருநூறு கிலோமீட்டருக்கு அப்பால் யார் தலையிலாவது விழும். எனக்குப் புரிந்த பாஷையில் சொன்னால், இங்கே டெபிட், அங்கே கிரெடிட். மொத்தத்தில் கணக்கு டாலி ஆகிவிடுகிறது. நடுவில் இருக்கிறவன் பாஸ்புக்கில் மட்டும் எதுவும் விழுவதில்லை.

இதையெல்லாம் பார்க்க அமெரிக்கா போக வேண்டியதில்லை. மார்கழி மாசம் விடிகாலையில், இரண்டு ஊர் தள்ளி இருக்கும் அம்மன் கோயில் ஸ்பீக்கர் உங்கள் தலையணைக்குள்ளேயே பாடுகிறதா இல்லையா? அதே ஸ்பீக்கர், அதே பாட்டு, மத்தியானம் பன்னிரண்டு மணிக்குக் கேட்காது. ராத்திரியில் தரை குளிர்ந்து, அதை ஒட்டிய காற்று சோம்பேறி மாடாகிவிடுகிறது. மேலே கதகதப்பு. வண்டி தரைப் பக்கம் திரும்பி நேரே உங்கள் காதுக்குள் வந்து நிற்கிறது. நடுராத்திரியில் தூரத்து ரயிலின் ஹாரன் பக்கத்துத் தெருவில் கேட்பதும் இதனால்தான். ஸ்பீக்கர்காரரைத் திட்டுகிறவர்கள், பாதியை வானிலைக்கும் ஒதுக்கி வையுங்கள்.

சண்டை தெரிஞ்சுது, சத்தம் கேட்கலை!

மார்கழி ஸ்பீக்கரில் தூக்கம்தான் போகும். இந்தச் சமாசாரத்தால் உயிர் போன இடங்களும் உண்டு.

அமெரிக்க உள்நாட்டு யுத்தம். 1862 அக்டோபர் 8, கென்டக்கி மாநிலத்தில் பெரிவில் என்ற ஊர். வடக்குப் படைக்கு ஜெனரல் பியூல் தலைவர். போர்முனையிலிருந்து நாலு கிலோமீட்டர்கூட இல்லை அவருடைய முகாம். மத்தியானம் உக்கிரமான சண்டை தொடங்குகிறது. ஆயிரக்கணக்கான துப்பாக்கிகள். ஜெனரலுக்கோ எங்கேயோ ஒன்றிரண்டு பீரங்கி முழங்குவதற்கு மேல் எதுவும் காதில் விழவில்லை. நாலு மணி வாக்கில் ஆள் ஓடி வந்து சொன்ன பிறகுதான் விஷயம் தெரிந்தது. கையில் ஐம்பதாயிரத்துக்கு மேல் படை இருந்தும் பாதிக்கும் குறைவான ஆட்களே சண்டையில் இறங்க முடிந்தது. இரண்டு பக்கமும் சேர்த்து ஏழாயிரத்துக்கு மேற்பட்டவர்கள் செத்தோ, அடிபட்டோ, காணாமலோ போனார்கள். பின்வாங்கிய எதிரியைத் துரத்திப் பிடிக்கவில்லை என்று அதே மாதம் ஜெனரலின் பதவியும் போயிற்று.

அதே வருஷம் ஜூன் 27. கெய்ன்ஸ் மில் என்ற இடத்தில் இன்னொரு சண்டை. பள்ளத்தாக்கின் எதிர்க் கரையில், இரண்டரை கிலோமீட்டர் தூரத்தில், சிலர் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். புகை தெரிகிறது, துப்பாக்கியின் நெருப்புப் பொறி தெரிகிறது, படை முன்னே போவதும் பின்னே வருவதும் தெரிகிறது. சத்தம் மட்டும் இல்லை. டி.வி.யில் வால்யூமைக் குறைத்துவிட்டு யுத்தம் பார்த்த மாதிரி! பார்த்தவர்களில் ஒருவர் பிற்பாடு ஜான் டிண்டால் என்ற விஞ்ஞானிக்கு இதைக் கடிதமாக எழுதினார்.

ஏன் டிண்டாலுக்கு எழுத வேண்டும்? ஏனென்றால் அவர்தான் 1873-ல் இங்கிலாந்தின் டோவர் அருகே கடலோரத்தில் சங்கு ஊதிச் சோதித்துக்கொண்டிருந்தார். நம் ஊர் மில் சங்கு மாதிரி, மூடுபனி நேரத்தில் கப்பல்களை எச்சரிக்கக் கரையில் சங்கு ஊதுவார்கள். அதன் சத்தம் கடலில் எவ்வளவு தூரம் போகிறது என்று கப்பலில் போய்க் கேட்டுப் பார்த்தார். ஒரு நாள் பதினைந்து கிலோமீட்டருக்கு அப்பாலும் கேட்கிறது. இன்னொரு நாள், பளிச்சென்று வெயில் அடிக்கும் நல்ல நாளில், நாலைந்து கிலோமீட்டரிலேயே செத்துப் போகிறது. 'பனிதான் சத்தத்தை விழுங்கும்' என்று அதுவரை எல்லோரும் நம்பியது பொய். வெட்டவெளிக் காற்றே விழுங்கும்.

சும்மா ஆராய்ச்சி என்று நினைக்காதீர்கள். 1881-ல் அமெரிக்காவின் கிழக்குக் கரையில் லிட்டில் கல் என்ற குட்டித் தீவில் கலாட்டியா என்ற நீராவிக் கப்பல் மூடுபனியில் தரை தட்டியது. எச்சரிக்கைச் சங்கிலிருந்து அரைக் கிலோமீட்டர்கூட இல்லை. 'சங்கு ஊதவே இல்லை' என்றது கப்பல். 'ஊதிக்கொண்டேதான் இருந்தது' என்றது கரை. விசாரித்தார்கள். இரண்டு தரப்பும் சொன்னது நிஜம்! சங்கும் ஊதியது, சத்தமும் வரவில்லை. நம் ஆபீஸ்களில் 'சர்க்குலர் அனுப்பினோம்' 'எங்களுக்கு வரவில்லை' என்று நடக்கும் சண்டையை இனிமேல் நான் வேறு கண்ணோடுதான் பார்க்கப் போகிறேன்.

கேட்டது நாலு மணி நேரம் கழித்து

இன்னொரு பக்கமும் உண்டு. மௌனம் ஆபத்து என்றால், சத்தமே ஆளை அடித்த கதை கிரகடோவா. இந்தோனேஷியாவில் ஜாவாவுக்கும் சுமத்ராவுக்கும் நடுவே இருந்த எரிமலைத் தீவு. 1883 ஆகஸ்ட் 27 காலை பத்து மணி வாக்கில் வெடித்தது. அறுபது எழுபது கிலோமீட்டர் தூரத்தில் இருந்த ஒரு பிரிட்டிஷ் கப்பலில் மாலுமிகள் பாதிப் பேருக்கு மேல் காது ஜவ்வு கிழிந்ததாக கேப்டன் எழுதி வைத்தார். இந்துமகா சமுத்திரத்தின் அந்தக் கோடியில், 4,800 கிலோமீட்டர் தள்ளி, ராட்ரிகஸ் தீவின் போலீஸ் அதிகாரி 'கிழக்கே பீரங்கி முழங்குகிறது' என்று குறித்தார். சென்னையிலிருந்து தில்லி போய், திரும்பி வந்து, மறுபடியும் முக்கால் வழி போனால் எவ்வளவு தூரமோ அவ்வளவு! சத்தம் அங்கே போய்ச் சேர நாலு மணி நேரம் ஆனது. இலங்கையிலும் கேட்டது.

அன்று செத்தவர்கள் அதிகாரபூர்வக் கணக்குப்படி 36,417 பேர். பெரும்பாலோரைக் கொன்றது சத்தம் இல்லை, பின்னாலேயே வந்த கடல். காற்றழுத்த அலையோ பூமியை மூன்று நான்கு முறை சுற்றி, உலகம் பூராவும் பாரமானி முள்ளை ஆட்டிவிட்டுத்தான் அடங்கியது.

இதே வித்தையை 2022 ஜனவரி 15-ல் பசிபிக் கடலில் டோங்கா தீவின் எரிமலை திரும்பக் காட்டியது. சுமார் பத்தாயிரம் கிலோமீட்டர் தாண்டி அலாஸ்காவில் சத்தம் கேட்டது. அன்று இரவு நம் சென்னையில் இருந்த பாரமானிகள்கூட ஒரு துள்ளு துள்ளின. நமக்குத்தான் எதுவும் கேட்கவில்லை. நாம் பாட்டுக்கு சீரியல் பார்த்துக்கொண்டிருந்தோம்.

நமக்கென்ன?

சினிமாவில் ஒரு சீன் வரும். பனி மலை. ஹீரோ காதலியின் பெயரை உரக்கக் கத்துவார். பனி சரிந்து வரும். சுத்தப் பொய். மனுஷன் போடுகிற கூச்சலுக்குப் பனியைச் சரிக்கிற தெம்பு கிடையாது. அதன்மேல் கால் வைக்கிறவனின் கனம்தான் பெரும்பாலும் சரிக்கிறது. ஆக, கத்தினால் மலை சரியும் என்பது கதை. மலை சரிந்தும் சத்தம் வராது என்பதுதான் நிஜம்.

காதை நம்பிப் பழகியவர்கள் நாம். 'ஒரு சத்தமும் இல்லையே, ஒண்ணும் இருக்காது' என்று சுலபமாகச் சொல்லிவிடுகிறோம். இடியை எடுத்துக்கொள்ளுங்கள். அதே மாட்டு வண்டிக் கணக்குப்படி இடிச் சத்தமும் மேல்நோக்கி வளைவதால், பதினைந்து இருபது கிலோமீட்டருக்கு அப்பால் பெரும்பாலும் கேட்பதில்லை. மின்னலோ மேகத்தை விட்டு பதினைந்து கிலோமீட்டர்கூடத் தள்ளி வந்து இறங்குவது உண்டு. ஆக, இடி காதில் விழுந்துவிட்டது என்றாலே நீங்கள் மின்னலின் ரேஞ்சுக்குள் வந்தாயிற்று. ஞாயிற்றுக்கிழமை மைதானத்தில், "இந்த ஓவர் முடியட்டும் மாப்ளே" என்று நிற்கிற பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். மின்னலுக்கும் இடிக்கும் நடுவே விநாடியை எண்ணுங்கள். மூன்றால் வகுத்தால் கிலோமீட்டர். முப்பதுக்குள் வந்தால் ஸ்டம்பைப் பிடுங்கிக்கொண்டு கட்டடத்துக்குள் ஓடுங்கள். மரத்தடிக்கு அல்ல. கடைசி இடி கேட்டு முப்பது நிமிஷம் ஆகிற வரை வெளியே வராதீர்கள். கேப்டன் திட்டினால் திட்டட்டும்.

அப்புறம் ரயில். ஆபீஸுக்கு லேட் என்று படிக்கட்டு மேம்பாலத்தை விட்டுவிட்டு தண்டவாளத்தில் குறுக்கே இறங்குகிறோம். காதில் இயர்போன் இல்லாத புண்ணியவான்கூட ஒரு விநாடி காதைத் தீட்டிக் கேட்டுவிட்டு, 'சத்தம் வரலை' என்று காலை வைக்கிறான். நேர் எதிரே வருகிற மின்சார ரயில் வெகு கிட்டத்தில் வரும் வரை அதிகம் சத்தம் காட்டாது. நம்மைக் கடக்கும்போதுதான் தடதடவென்று இரையும். போதாக்குறைக்குக் காற்று எதிர்ப்பக்கம் அடித்தால், வருகிற கொஞ்சநஞ்ச சத்தமும் தலைக்கு மேலே வளைந்து போய்விடும்.

மேம்பாலத்தில் எத்தனை படி இருக்கும்? ஐம்பது? அறுபது? மூச்சு வாங்கும்தான். ஏறுங்கள் ஸார். ரிஜிஸ்டரில் ஒரு லேட் மார்க் விழும். விழட்டும்!